கும்பிடுபூச்சியும் நரம்புச் சிலந்தியும்

விழுப்புரம் மாவட்டத்தில், செஞ்சி போகிற பக்கத்தில் பனமலை என்று ஒரு ஊர் இருக்கிறது. சரித்திரம் படிக்கிறவர்களுக்கு இது தெரிந்த பெயர்தான். காஞ்சி கைலாசநாதர் கோவிலைக் கட்டிய ராஜசிம்ம பல்லவன், சுமார் 1300 ஆண்டுகளுக்கு முன் இங்கே ஒரு சிறிய குன்றின் மேல் தாளகிரீசுவரர் கோவிலைக் கட்டினான். தாலம் என்றால் பனை, கிரி என்றால் மலை. பனைமலைதான் பனமலை ஆகிவிட்டது. அங்கே இருக்கும் பார்வதி ஓவியத்தைப் பார்க்கத்தான் வெளியூர்க்காரர்கள் வருகிறார்கள். குன்றின் அடியில் ஒரு ஏரி இருக்கிறது.

இந்தக் கட்டுரை ஓவியத்தைப் பற்றியது அல்ல. அப்படிப்பட்ட ஒரு ஏரிக்கரையில் வாழும் ஒரு பூச்சியையும், அந்த மாதிரி ஏரியிலும் குளத்திலும் தண்ணீர் மொண்டு குடித்த மனிதர்களையும், இந்த இரண்டு பேரையும் தண்ணீருக்கு இழுத்த இரண்டு புழுக்களையும் பற்றியது.

முதலில் பூச்சி. கும்பிடுபூச்சியைப் பார்க்காதவர்கள் குறைவு. முன்னங்கால்கள் இரண்டையும் மடித்துக் கும்பிடுகிற மாதிரி நிற்கும். பெருமாள் பூச்சி, இடையன் பூச்சி, தயிர்க்கடைப் பூச்சி என்றெல்லாம் ஊருக்கு ஒரு பெயர். பெயரில் இருக்கும் பக்தி செயலில் கிடையாது! அந்தக் கும்பிடு, இரையைப் பிடிக்க மடித்து வைத்திருக்கும் முள் கத்தி. செடியிலும் புல்லிலும் அசையாமல் காத்திருந்து, பக்கத்தில் வரும் ஈ, வெட்டுக்கிளி எல்லாவற்றையும் பிடித்துத் தின்னும். வாழ்நாள் முழுவதும் தரையில்தான். நீந்தத் தெரியாது. தண்ணீரில் இறங்க அதற்கு எந்தத் தேவையும் இல்லை.

ஆனால் உலகின் பல பகுதிகளில் கும்பிடுபூச்சிகள் தாமாகவே நடந்து போய்த் தண்ணீரில் விழுவதைப் பார்த்திருக்கிறார்கள். விழுந்த கொஞ்ச நேரத்தில் அதன் வயிற்றின் பின்பக்கம் வழியாகக் கறுப்பாக ஒரு கயிறு வெளியே வரும். வந்துகொண்டே இருக்கும். பூச்சியின் நீளத்தைப் போல மூன்று நான்கு மடங்கு நீளம்கூட இருக்கும். முழுவதும் வெளியே வந்ததும் அது நெளிந்து நீந்திப் போய்விடும். பூச்சி பெரும்பாலும் மூழ்கிச் சாகும், அல்லது மீனுக்கு இரையாகும்.

அந்தக் கயிறுதான் குதிரைமயிர்ப் புழு.

முடி என்று நினைத்தார்கள்

ஏன் அந்தப் பெயர்? ஐரோப்பாவில் குதிரைகள் தண்ணீர் குடிக்கும் தொட்டிகளில் இந்தப் புழுக்கள் அடிக்கடி தென்பட்டன. முடி போல மெல்லியதாக இருக்கும், ஆனால் உயிரோடு நெளியும். எங்கிருந்து வந்தது என்று யாருக்கும் தெரியவில்லை. 'குதிரையின் வாலிலிருந்து உதிர்ந்த முடி தண்ணீரில் ஊறி உயிர் பெற்றுவிட்டது' என்று ஜனங்கள் முடிவு கட்டினார்கள். நூற்றாண்டுக் கணக்கில் நம்பினார்கள். இதைக் கேட்டுச் சிரிப்பதற்கு முன் ஒன்றை யோசித்துப் பாருங்கள். பூச்சியின் வயிற்றிலிருந்து புழு வெளியே வரும் அந்தச் சில நிமிடங்களைப் பார்க்காதவருக்கு வேறு என்ன விளக்கம் கிடைக்கும்?

அமெரிக்காவில் பிலடெல்பியாவைச் சேர்ந்த ஜோசப் லெய்டி என்ற விஞ்ஞானி இதைச் சோதித்தே பார்த்துவிட்டார். குதிரை முடியைத் தண்ணீரில் போட்டு மாதக் கணக்கில் கவனித்தார். ஒரு முடிகூட உயிர் பெறவில்லை என்று 1870ல் எழுதினார். ஒரு நம்பிக்கையை மறுக்க எவ்வளவு எளிய சோதனை போதும், பாருங்கள். செய்து பார்க்கத்தான் ஆள் வேண்டும்.

இதற்கு முன்பே 1758ல் ஸ்வீடன் நாட்டு லின்னேயஸ் இந்தப் புழுவுக்கு 'கோர்டியஸ்' என்று பெயர் வைத்திருந்தார். புழுக்கள் பின்னிப் பிணைந்து பெரிய முடிச்சாகக் கிடக்கும். அலெக்சாண்டர் வாளால் வெட்டியதாகச் சொல்லப்படும் கோர்டியன் முடிச்சை நினைத்து வைத்த பெயர் அது.

இங்கே ஒரு சுவையான விஷயம். அதே 1758ல் அதே கோர்டியஸ் என்ற தலைப்பின் கீழ் லின்னேயஸ் இன்னொரு புழுவையும் சேர்த்தார். அதற்கு அவர் கொடுத்த பெயர் 'கோர்டியஸ் மெடினென்சிஸ்', அதாவது மதீனாவின் கோர்டியஸ். அது பூச்சியின் வயிற்றில் வாழ்வதில்லை, மனிதனின் காலில் வாழ்கிறது. தமிழில் அதற்கு நரம்புச் சிலந்தி என்று பெயர்.

பிற்கால விஞ்ஞானிகள் இரண்டையும் வேறு வேறு இனமாகப் பிரித்துவிட்டார்கள். நரம்புச் சிலந்தி உருளைப் புழு வகை. குதிரைமயிர்ப் புழு தனி வகை. ஆனாலும் இந்த இரண்டு வகைகளும் நெருங்கிய சொந்தம் என்றுதான் இன்றைய ஆராய்ச்சியும் சொல்கிறது. லின்னேயஸ் பார்த்தது வெளித்தோற்றத்தை மட்டும்தான். அவருக்குத் தெரியாத வேறொரு ஒற்றுமையும் இரண்டுக்கும் இருந்தது. இரண்டு புழுக்களுக்கும் குஞ்சு பொரிக்கத் தண்ணீர் வேண்டும். இரண்டும் வாழ்வது தரையில் நடமாடும் ஒரு உடம்புக்குள். அப்படியானால் அந்த உடம்பைத் தண்ணீருக்குக் கொண்டுவர வேண்டும். எப்படி?

பூச்சி தண்ணீருக்குப் போகும் வழி

குதிரைமயிர்ப் புழுவின் வாழ்க்கை தண்ணீரில் தொடங்குகிறது. முட்டையிலிருந்து வரும் கண்ணுக்குத் தெரியாத குஞ்சு, தண்ணீரில் வாழும் சிறு பூச்சிகளின் இளம்புழுக்களுக்குள் புகுந்து கூடு கட்டித் தூங்கும். அந்தப் பூச்சி வளர்ந்து, இறக்கை முளைத்துக் கரைக்குப் பறந்து வரும். கரையில் கும்பிடுபூச்சி காத்திருக்கும். பிடித்துத் தின்றதும் புழு விழித்துக்கொள்ளும். வேட்டையாடியவன் வயிற்றிலேயே உட்கார்ந்து, அவன் சாப்பாட்டைத் தின்று, வயிறு முழுவதும் நிறையும் அளவுக்கு வளரும். பிறகு தண்ணீருக்குத் திரும்ப வேண்டும்.

பூச்சி தானாகத் தண்ணீரைத் தேடுகிறதா, இல்லை தவறி விழுகிறதா என்ற கேள்விக்கு 2002ல்தான் முறையான ஆய்வு வந்தது. பிரான்ஸில் பிரெடரிக் தோமாவும் அவர் குழுவும் சுவர்க்கோழிகளை வைத்துச் சோதித்தார்கள். புழு உள்ள சுவர்க்கோழிகள் தண்ணீர் பக்கத்தில் இருந்தால் அதில் குதிக்கின்றன, புழு இல்லாதவை குதிப்பதில்லை என்று கண்டார்கள்.

கும்பிடுபூச்சியின் ரகசியம் 2021ல் ஜப்பானில் வெளிவந்தது. தண்ணீரின் மேல் பட்டுத் திரும்பும் வெளிச்சத்துக்கு ஒரு தனிக் குணம் உண்டு. அந்த ஒளியலைகள் பெரும்பாலும் கிடைமட்டமாக அதிரும். மனிதக் கண்ணுக்கு இந்த வித்தியாசம் தெரியாது, பூச்சிகளின் கண்ணுக்குத் தெரியும். புழு உள்ள கும்பிடுபூச்சிகள் அந்த வகை வெளிச்சத்தை நோக்கி இழுக்கப்பட்டன. புழு இல்லாதவை அதைக் கண்டுகொள்ளவில்லை. அதாவது பூச்சிக்குத் தண்ணீர்த் தாகம் எடுக்கவில்லை. ஏரியின் மினுமினுப்பு அதற்குப் பிடித்துப்போகும்படி ஆகிவிடுகிறது.

2023ல் வந்த ஆய்வு இதையும் மிஞ்சியது. மீண்டும் ஜப்பானிய விஞ்ஞானிகள்தான். கும்பிடுபூச்சியில் வாழும் குதிரைமயிர்ப் புழுவின் மரபணுக்களை ஆராய்ந்தபோது, 1400க்கும் மேற்பட்டவை கும்பிடுபூச்சியின் மரபணுக்களோடு ஒத்துப்போயின. வேறு பூச்சிகளில் வாழும் அதன் சொந்தக்காரப் புழுக்களில் இவை இல்லை, அல்லது மிகக் குறைவு. ஆகவே இவை கும்பிடுபூச்சியிடமிருந்தே புழுவுக்குப் போயிருக்க வேண்டும் என்று அவர்கள் முடிவுக்கு வந்தார்கள். பூச்சியின் மொழியிலேயே பூச்சியிடம் பேசுகிற புழு! திருடன் வீட்டுக்காரன் குரலில் கதவைத் தட்டினால் எப்படி இருக்கும்?

அதற்காகப் புழுவை வெறும் வில்லனாக மட்டும் பார்க்க முடியாது. ஜப்பானின் மலை ஓடை ஒன்றில் 2011ல் ஒரு கணக்கு எடுத்தார்கள். அங்குள்ள ஒரு மீன் இனத்துக்கு வருடம் முழுவதும் கிடைக்கும் உணவு ஆற்றலில் சுமார் 60 சதவீதம், புழுவால் ஓடையில் விழுந்த வெட்டுக்கிளி வகைப் பூச்சிகளிலிருந்து வந்தது. இந்தப் புழு மனிதனை ஒன்றும் செய்வதில்லை. கரையையும் தண்ணீரையும் இணைக்கும் ஒரு கண்ணி அது.

இன்னொரு புழுவைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது.

நரம்பு என்று நினைத்தார்கள்

நரம்புச் சிலந்தி மிகப் பழைய நோய். இங்கிலாந்தின் மான்செஸ்டர் அருங்காட்சியகத்தில் இருந்த ஒரு எகிப்திய மம்மியை 1975ல் பிரித்து ஆராய்ந்தார்கள். அது பதின்மூன்று பதினான்கு வயதுச் சிறுமியின் உடல். அதன் வயிற்றுப் பகுதியில் சுண்ணாம்பாக இறுகிப்போன ஒரு நரம்புச் சிலந்திப் புழு இருந்தது.

நோய் எப்படி வரும்? குடித்த தண்ணீரோடு உள்ளே போகும் புழு, சுமார் ஒரு வருடம் எந்த அறிகுறியும் காட்டாது. பெண் புழு உடம்புக்குள் ஒரு மீட்டர் வரை நீளமாக வளர்ந்து, பெரும்பாலும் முழங்காலுக்குக் கீழே தோலுக்கு அடியில் வந்து சேரும். அங்கே ஒரு கொப்புளம் எழும்பும். நெருப்பை வைத்தது போல எரியும். கொப்புளம் உடைந்ததும் வெள்ளையாக ஒரு நூல் எட்டிப் பார்க்கும். இழுத்தால் அறுந்துவிடும், அறுந்தால் புண் சீழ் பிடிக்கும். ஆகவே ஒரு குச்சியில் சுற்றி, தினமும் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே எடுப்பார்கள். முழுவதும் வர நாட்கள், சில சமயம் வாரங்கள் ஆகும். அதுவரை நடக்க முடியாது. விதைக்கிற நேரத்தில் குடும்பத்தோடு படுத்துக் கிடந்தவர்கள் உண்டு. இதனால் உயிர் போவது அரிது. போனது உழைப்பும் வருமானமும் பிள்ளைகளின் படிப்பும்.

இது புழுதானா என்பதிலேயே பல நூற்றாண்டுகள் சந்தேகம் இருந்தது. உடம்பிலிருந்து இழுக்க இழுக்க வருவதால் அழுகிய நரம்பு என்றார்கள் சிலர், இரத்தக் குழாய் என்றார்கள் சிலர். ஐரோப்பியர்கள் 'மதீனா நரம்பு' என்ற பொருளில் ஒரு பெயர் வைத்திருந்தார்கள். தமிழ்ப் பெயரிலும் நரம்பு இருக்கிறது. அந்தப் புழுவை முடி என்று நினைத்தார்கள். இந்தப் புழுவை நரம்பு என்று நினைத்தார்கள்.

இனிதான் முக்கியமான இடம். காலில் நெருப்பாக எரியும்போது மனிதன் என்ன செய்வான்? தண்ணீரில் காலை வைப்பான். ஊருணியிலோ படிக்கிணற்றிலோ இறங்கி நின்றால் எரிச்சல் அடங்கும். அந்த நொடிக்காகத்தான் புழு காத்திருந்தது! கால் தண்ணீரில் பட்டதும் அது லட்சக்கணக்கான குஞ்சுகளை வெளியே விடும். அவற்றை சைக்ளாப்ஸ் என்ற, கடுகை விடச் சிறிய நீர் உயிரி தின்னும். இரண்டு வாரத்தில் குஞ்சு அதற்குள்ளேயே தயாராகிவிடும். அடுத்த குடத்தில் சைக்ளாப்ஸ் வீட்டுக்கு வரும். வேறொருவர் குடிப்பார். ஒரு வருடம் கழித்து அவருக்குக் கொப்புளம் எழும்பும்.

கும்பிடுபூச்சியை அதன் புழு மினுமினுப்பைக் காட்டி இழுத்தது. மனிதனை அவன் புழு வலியைக் கொடுத்து இழுத்தது. மனித மூளையில் அது எதையும் மாற்றவில்லை. மாற்ற அவசியமும் இல்லை. எரிந்தால் தண்ணீர் என்று மனிதனுக்கே தெரியும், அந்த அறிவையே அது பயன்படுத்திக்கொண்டது.

முடிச்சை அவிழ்த்தவர்கள்

இந்தச் சுழற்சியைக் கண்டுபிடித்த கதை 1870ல் தொடங்குகிறது. லெய்டி குதிரை முடியைப் பற்றி எழுதிய அதே வருடம்! ரஷ்யாவைச் சேர்ந்த அலெக்சி பெட்சென்கோ என்ற இளைஞர் துருக்கிஸ்தானில் ஆய்வு செய்து, நரம்புச் சிலந்தியின் குஞ்சுகள் சைக்ளாப்ஸுக்குள் புகுந்து வளர்வதைக் கண்டார். மூன்று வருடம் கழித்து, 29 வயதில், ஆல்ப்ஸ் மலையில் ஏறும்போது அவர் இறந்துபோனார். 1900களின் தொடக்கத்தில் ராபர்ட் லெய்ப்பர் என்ற பிரிட்டிஷ் விஞ்ஞானி, குஞ்சுகள் உள்ள சைக்ளாப்ஸை வாழைப்பழத்தில் வைத்துக் குரங்குக்குக் கொடுத்தார். ஆறு மாதம் கழித்து அதன் உடம்பில் புழுக்கள் இருந்தன. நோய் குடிதண்ணீர் வழியாகத்தான் வருகிறது என்பது உறுதியானது.

1930களில் அன்றைய மைசூர் சமஸ்தானத்தின் சித்ரதுர்கா பகுதியில் மூர்த்தி, ஸ்வீட் என்ற இரண்டு ஆய்வாளர்கள் கிணற்றுத் தண்ணீரையே எடுத்துச் சோதித்தார்கள். ஆய்வகத்தில் மட்டும் அல்ல, ஜனங்கள் தினமும் குடிக்கும் தண்ணீரிலும் சைக்ளாப்ஸுக்குள் இந்தக் குஞ்சுகள் இருப்பதைக் காட்டினார்கள்.

ஆக விஷயம் 1930களிலேயே தெளிவாகிவிட்டது. ஆனால் தெரிந்த விஷயம் கிராமத்துக்குப் போய்ச் சேர இன்னும் ஐம்பது ஆண்டுகள் ஆயின என்பதுதான் இந்தச் சரித்திரத்தின் கசப்பான பகுதி. பணக்காரர்களுக்கு வராத நோய் இது. ஊர்ப் பொதுக் கிணற்றிலும் குளத்திலும் குடிப்பவர்களுக்கு மட்டும் வரும் நோய். அவசரப்பட யாருக்கும் தோன்றவில்லை.

1981ல் தொடங்கிய பத்தாண்டுகளை ஐ.நா. சபை குடிநீருக்கான பத்தாண்டாக அறிவித்தது. அதையொட்டி 1983-84ல் இந்தியா தேசிய நரம்புச் சிலந்தி ஒழிப்புத் திட்டத்தைத் தொடங்கியது. நோய் இருந்ததாகக் கண்டறியப்பட்ட மாநிலங்கள் ஏழு: ராஜஸ்தான், மத்தியப் பிரதேசம், குஜராத், மகாராஷ்டிரம், ஆந்திரம், கர்நாடகம், தமிழ்நாடு. 1984ல் இந்தியாவில் கணக்கில் வந்த நோயாளிகள் கிட்டத்தட்ட 40,000 பேர். இந்த ஏழில் முதலில் விடுபட்டது தமிழ்நாடுதான். 1980களின் முற்பகுதியோடு இங்கே நோய் நின்றுவிட்டது.

என்ன மருந்து கொடுத்தார்கள் என்று கேட்கிறீர்களா? மருந்தே கிடையாது. தடுப்பூசியும் கிடையாது. ஒருமுறை வந்தவருக்கு மறுபடி வராது என்ற எதிர்ப்பு சக்தியும் கிடையாது. செய்ததெல்லாம் இவைதான். படி இறங்கித் தண்ணீர் எடுக்கும் கிணறுகளை மூடி, வாளியால் இறைக்கும் கிணறாக மாற்றினார்கள். கைப்பம்பு போட்டார்கள். தண்ணீரை இரட்டை மடிப்புத் துணியில் வடிகட்டச் சொல்லிக் கொடுத்தார்கள். துணியில் சைக்ளாப்ஸ் தங்கிவிடும். அதைக் கொல்ல டெமிபாஸ் என்ற மருந்தைத் தண்ணீரில் கலந்தார்கள். வருடத்துக்குப் பல முறை வீடு வீடாகப் போய் நோயாளி இருக்கிறாரா என்று தேடினார்கள். கொப்புளம் வந்தவரிடம், 'எரிந்தாலும் தண்ணீரில் இறங்காதீர்கள்' என்று கேட்டுக்கொண்டார்கள்.

அந்தக் கடைசி வாக்கியத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகப் புழு நம்பி வந்தது ஒரே ஒரு விஷயத்தை. எரிந்தால் இவன் தண்ணீருக்குப் போவான். காரணம் தெரிந்த மனிதன் எரிச்சலைப் பொறுத்துக்கொண்டு கரையிலேயே நின்றான். புழு தோற்றது அங்கேதான்.

இந்தியாவின் கடைசி நோயாளி 1996 ஜூலையில் ராஜஸ்தானின் ஜோத்பூர் மாவட்டத்தில் கண்டறியப்பட்டார். 2000 பிப்ரவரியில் உலக சுகாதார நிறுவனம் இந்தியாவை நரம்புச் சிலந்தி இல்லாத நாடாக அறிவித்தது. பெரியம்மைக்குப் பிறகு இந்தியா விரட்டிய நோய் இது. ஆனால் பெரியம்மை போனது எல்லோருக்கும் தெரியும், இது போனது எத்தனை பேருக்குத் தெரியும்?

உலகம் முழுவதும் 1986ல் ஆண்டுக்குச் சுமார் 35 லட்சம் பேருக்கு இந்த நோய் இருந்ததாக மதிப்பிட்டார்கள். முன்னாள் அமெரிக்க அதிபர் ஜிம்மி கார்ட்டர் இதை ஒழிப்பதைத் தன் வாழ்நாள் வேலைகளில் ஒன்றாக எடுத்துக்கொண்டார். அவர் 2024 டிசம்பரில் தன் நூறாவது வயதில் இறந்தார். அந்த வருடம் உலகம் முழுவதும் பதிவான மனித நோயாளிகள் வெறும் 15 பேர், சாட் நாட்டிலும் தெற்கு சூடானிலும். ஆனால் கதை முடியவில்லை. 2012 முதல் சாட் நாட்டில் நாய்களிடம் இந்தப் புழு காணப்படுகிறது. மனிதன் கரையில் நின்றுகொண்டான், நாயிடம் யார் போய்ச் சொல்வது?

மறுபடியும் ஏரிக்கரை

கும்பிடுபூச்சியிடமும் யாரும் சொல்ல முடியாது. 2024ல் ஜப்பானில் இருந்து இன்னொரு ஆய்வு வந்தது. தார் சாலையும் தண்ணீரைப் போலவே கிடைமட்ட ஒளியைத் திருப்பி அனுப்புகிறதாம். புழு உள்ள கும்பிடுபூச்சிகள் அதைத் தண்ணீர் என்று நினைத்துச் சாலைக்கு வருகின்றன. வண்டியில் நசுங்கியோ வெயிலில் காய்ந்தோ சாகின்றன. வயிற்றில் இருக்கும் புழுவும் ஏரியைப் பார்க்காமல் கூடவே சாகிறது. ஏமாற்றியவனும் ஏமாந்தவனும் ஒரே இடத்தில்.

பனமலைக் குன்றின் மேல் ராஜசிம்மன் கோவில் கட்டிய காலத்தில், பூச்சிக்கும் மனிதனுக்கும் இந்த விஷயத்தில் பெரிய வித்தியாசம் இருந்திருக்காது. தனக்குள் இருப்பது என்ன, தன்னைத் தண்ணீருக்கு அழைப்பது எது என்று இருவருக்குமே தெரியாது. 1300 ஆண்டுகளில் பூச்சிக்கு எதுவும் மாறவில்லை. மனிதனுக்கு மாறியது ஒன்றே ஒன்றுதான். தன் கால் எதற்காக எரிகிறது என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது. அதைத் தெரிந்துகொள்ள ஒரு பெட்சென்கோவும், கிணற்றுத் தண்ணீரை உருப்பெருக்கிக்கு அடியில் வைத்த ஒரு மூர்த்தியும் வேண்டியிருந்தது. அதை ஊருக்குச் சொல்ல, வீடு வீடாக நடந்த, பெயர் தெரியாத எத்தனையோ சுகாதார ஊழியர்கள் வேண்டியிருந்தது.

அடுத்த முறை மழைக்குப் பிறகு ஏரிக்கரையில் ஒரு கும்பிடுபூச்சி தண்ணீரையே பார்த்துக்கொண்டு நின்றால், அது கும்பிடுகிறது என்று நினைத்துவிடாதீர்கள். அப்படியே, வீட்டில் பாட்டி குழாய்த் தண்ணீரைக்கூடத் துணி கட்டி வடிகட்டிப் பிடித்தால் கேலி செய்யாதீர்கள். அந்தத் துணி ஒரு காலத்தில் ஒரு பெரிய போரில் ஆயுதமாக இருந்தது.